எஸ்எஸ், டைட்டானியம் போன்ற உலோகங்களில் பிட் கருகாமல் துளை போடுவது எப்படி: முழுமையான வழிகாட்டி

எஸ்எஸ் (ஸ்டெயின்லெஸ் ஸ்டீல்) தகட்டில் துளை போடும்போது டிரில் பிட் கீச்சென்று கத்த ஆரம்பித்தால், அந்தத் துளை பாதி கெட்டுவிட்டது என்று அர்த்தம். கத்துகிற பிட் வெட்டவில்லை, தேய்க்கிறது. தேய்ந்த இடம் சூடாகும், இறுகும். இறுகிய இடத்தில் பிட் இன்னும் அதிகமாக வழுக்கும். அரை நிமிடத்தில் பிட்டின் முனை நீலம் பாய்ந்து மழுங்கிவிடும். துளையின் அடி கண்ணாடிபோலப் பளபளக்கும். அதன்பிறகு புதுப் பிட்டைப் போட்டாலும் அதற்கும் அதே கதிதான்.

பட்டறைகளில் இதற்கு வழக்கமாகச் சொல்லும் காரணம் "பிட் சரியில்லை" என்பது. சில சமயம் அது உண்மையாக இருக்கலாம். பெரும்பாலும் குற்றம் வேகத்திலும் அழுத்தத்திலும்தான் இருக்கிறது. சுற்று அதிகம், அழுத்தம் குறைவு என்று போவதால்தான் இவ்வளவு சேதம். இந்த வழிகாட்டி முழுவதும் திரும்பத் திரும்ப ஒன்றையே சொல்லும்: சுற்றைக் குறையுங்கள், அழுத்தத்தைக் கூட்டுங்கள், பிட் உலோகத்தைத் தொட்டுக்கொண்டிருக்கும் ஒவ்வொரு நொடியும் அது வெட்டிக்கொண்டே இருக்கட்டும்.

அதிகம் பேர் வேலை செய்வது 304 என்ற வகை எஸ்எஸ்ஸில் என்பதால் அதையே முக்கிய உதாரணமாக எடுத்துக்கொள்கிறேன். ஓட்டல் சமையல் மேசை, கைப்பிடிக் கம்பி, பால் டேங்க், மருந்துக் கம்பெனி பைப் லைன், கிரைண்டர் டிரம் என்று எங்கும் அதுதான். டைட்டானியம், இன்கோனல் (நிக்கல் கலவை), பதமேற்றிய டூல் ஸ்டீல் பற்றிப் பின்னால் தனியாகச் சொல்கிறேன்.

ஏன் இந்த உலோகங்கள் மட்டும் இப்படி?

இரண்டு காரணங்கள் சேர்ந்து வேலை செய்கின்றன.

முதலாவது, சூடு வெளியேறாது. சாதாரண எம்எஸ் (மைல்ட் ஸ்டீல்) வெப்பத்தைக் கடத்தும் திறன் சுமார் 50 அலகு (வாட்/மீ.கெல்வின்) என்றால் 304-க்கு அது 16 மட்டுமே. இன்கோனல் 718-க்கு 11, டைட்டானியம் கிரேடு 5-க்கு 7-ஐ ஒட்டி. அலுமினியக் கலவைகள் 150-க்கும் மேல் போகும். எம்எஸ்ஸில் துளை போடும்போது உண்டாகும் சூட்டில் ஒரு பங்கைத் தகடு இழுத்துப் பரப்பிவிடும். எஸ்எஸ்ஸில் அந்தச் சூடு வெட்டும் இடத்திலேயே நின்று பிட்டின் விளிம்பைத் தாக்கும். பிட் கருகுவது இதனால்தான்.

இரண்டாவது, நசுக்கினால் இறுகும். 304-ஐ வளைத்தாலோ, தட்டினாலோ, தேய்த்தாலோ அந்த இடத்தில் உள்ள படிக அமைப்பின் ஒரு பகுதி மார்ட்டன்சைட்டாக மாறுகிறது. பதமேற்றிய இரும்பில் இருக்கும் அதே வகைக் கடினமான அமைப்பு அது. இதை நீங்களே சோதித்துப் பார்க்கலாம். புது 304 தகட்டில் காந்தம் ஒட்டாது. அதே தகட்டில் துளை போட்டபின் விழுந்த சுருள்களுக்குப் பக்கத்தில் காந்தத்தைக் கொண்டுபோனால் அவை எழுந்து வந்து ஒட்டும். அமைப்பு மாறியதற்கு அதைவிட எளிய அத்தாட்சி இல்லை.

பிட்டின் ஒவ்வொரு சுற்றும் தனக்குக் கீழே ஒரு மெல்லிய படலத்தை இறுக்கிவிட்டுத்தான் போகிறது. அடுத்த சுற்று அந்தப் படலத்துக்கு அடியில் இறங்கி வெட்டினால் பிரச்சினை இல்லை. அழுத்தம் போதாமல் படலத்தின் மேலேயே சுற்றினால் அதை இன்னும் இறுக்குகிறது. எம்எஸ்ஸில் மெதுவாக அழுத்துவது பிட்டுக்கு இதம். எஸ்எஸ்ஸில் அதுவே பிட்டுக்கு எமன்.

எந்த உலோகம் என்று முதலில் தெரிந்துகொள்ளுங்கள்

காந்தத்தை வைத்துப் பாருங்கள். நன்றாக ஒட்டினால் 410, 420, 430 போன்ற குரோமிய வகைகளாக இருக்கலாம். 430 அவ்வளவு தொந்தரவு தராது. 420 பதமேற்றியதாக இருந்தால் கதை வேறு. ஒட்டாவிட்டால் 304, 316 அல்லது 200 வரிசை. கைப்பிடிக் கம்பிகளிலும் விலை குறைந்த பாத்திரங்களிலும் புழங்கும் 202 போன்ற 200 வரிசையில் நிக்கலைக் குறைத்து மாங்கனீஸைக் கூட்டியிருப்பார்கள். அது 304-ஐவிட வேகமாக இறுகும். 304 என்று சொல்லி வாங்கிய பைப்பில் பிட் தாங்கவில்லை என்றால் சரக்கின் மேல் சந்தேகப்படுவதில் தவறில்லை.

303 என்ற வகை லேத் வேலைக்காகவே கந்தகம் சேர்த்துத் தயாரிப்பது. சுருள் உடைந்து உடைந்து வரும், துளை போடுவது சுகம். ஆனால் துருவை எதிர்க்கும் சக்தியும், வெல்டிங் தாங்கும் தன்மையும் குறையும். வேலைக்குப் பொருந்தும் இடத்தில் 303-ஐயே கேட்டு வாங்குவது பாதிப் பிரச்சினையைத் தீர்த்துவிடும்.

இறுகுவதில் எல்லாவற்றுக்கும் மேல் மாங்கனீஸ் ஸ்டீல். 1882-இல் ராபர்ட் ஹாட்ஃபீல்ட் கண்டுபிடித்தது. 11 முதல் 14 சதவீதம் மாங்கனீஸ். அடி வாங்க வாங்க இறுகும் என்பதால்தான் ரயில் தண்டவாளக் கிராசிங்குகளிலும் ஜல்லி கிரஷரின் தாடைத் தகடுகளிலும் அதைப் போடுகிறார்கள். அதில் எச்எஸ்எஸ் (ஹை ஸ்பீட் ஸ்டீல்) பிட்டால் துளை போட முயல வேண்டாம். கார்பைடு பிட், அசையாத மெஷின், நிற்காத ஃபீட் (பிட் உள்ளே இறங்கும் வேகம்) மூன்றும் வேண்டும். கிரஷர் பிளேட்டுக்குப் போல்ட் துளைகளை வார்க்கும்போதே விட்டுவிடுவது இதனால்தான்.

பிட்: எதை வாங்குவது, எதைத் தவிர்ப்பது

304-க்கு என் முதல் தேர்வு 5 சதவீதம் கோபால்ட் கலந்த எம்35 பிட். 8 சதவீதம் உள்ள எம்42 இன்னும் சூடு தாங்கும், கொஞ்சம் விலை கூடும். கோபால்ட் செய்வது என்னவென்றால், பிட் சூடானாலும் அதன் கடினத்தைச் சட்டென்று விடாமல் பிடித்து வைப்பது. சாதாரண எச்எஸ்எஸ் பிட்டும் ஒன்றிரண்டு துளைக்குப் போதும், சுற்றைக் குறைத்துக் கொண்டால்.

நிறத்தைப் பார்த்து ஏமாற வேண்டாம். தங்க நிறப் பிட் என்பது டைட்டானியம் நைட்ரைடு பூச்சு. அது கோபால்ட் அல்ல. உள்ளே சாதாரண எச்எஸ்எஸ் இருக்கலாம். வெண்கலச் சாயல் உள்ள பிட்டும் கோபால்ட் என்பதற்கு அந்த நிறம் மட்டும் சாட்சி ஆகாது. தண்டில் எச்எஸ்எஸ்-கோ, எம்35 என்று பொறித்திருக்கிறதா பாருங்கள், நல்ல கடையில் வாங்குங்கள்.

முனைக் கோணம் 135 டிகிரி, ஸ்ப்ளிட் பாயின்ட் என்று கேளுங்கள். சாதாரண 118 டிகிரி பிட்டின் நுனியில் உளிபோல ஒரு சிறு கோடு இருக்கும். அந்தக் கோடு வெட்டுவதில்லை. உலோகத்தை நசுக்கி இரு பக்கமும் தள்ளுகிறது. நாம் கைப்பிடியில் கொடுக்கும் அழுத்தத்தில் பாதிக்கும் மேல் அந்தக் கோட்டுக்கே போய்விடும். நசுக்கினால் இறுகும் உலோகத்தில் இது எவ்வளவு கெடுதல் என்று சொல்லத் தேவையில்லை. ஸ்ப்ளிட் பாயின்ட்டில் அந்தக் கோட்டைச் சாணை பிடித்துக் குறைத்து, நடுவிலும் வெட்டும் விளிம்பு வரும்படி செய்திருப்பார்கள். தொட்டவுடன் பிடிக்கும், வழுக்கி ஓடாது.

நீளம் குறைவாக இருப்பது நல்லது. டின் என்பது ஜெர்மன் தர அளவுமுறை. அதில் டின் 338 என்பது வழக்கமான நீளம். டின் 1897 என்பது குட்டைப் பிட். 10 மி.மீ. தகட்டுக்கு நீள பிட் எதற்கு? குட்டைப் பிட் வளையாது, அதிராது. அதிராத பிட்டின் விளிம்பு உதிராது.

கார்பைடு பிட் கடினத்தில் ராஜா, ஆனால் கண்ணாடிபோல உடையும். கை டிரில்லில் கார்பைடு பிட்டைப் போடாதீர்கள். சக் ஆடும் பழைய பில்லர் டிரில்லிலும் (தூணில் நிற்கும் டிரில் மெஷின்) வேண்டாம். சிஎன்சி (கம்ப்யூட்டர் ஓட்டும் மெஷின்) அல்லது இறுக்கமான மில்லிங் மெஷின் இருந்தால் மட்டும்.

சாணை பிடிப்பவர்களுக்கு ஒரு வார்த்தை. இரண்டு விளிம்பும் ஒரே நீளம், ஒரே சாய்வாக இருக்க வேண்டும். விளிம்புக்குப் பின்னால் உள்ள சரிவு 8 முதல் 10 டிகிரி. சரிவு போதாவிட்டால் பிட்டின் முதுகு உரசும். உரசினால் என்ன நடக்கும் என்று மேலே பார்த்தோம். சாணையில் சிவக்கச் சூடாக்கித் தண்ணீரில் முக்குவது கூடவே கூடாது. கண்ணுக்குத் தெரியாத வெடிப்புகள் விழும். லேசாகத் தொட்டுத் தொட்டு எடுங்கள்.

சுற்றும் ஃபீடும்: ஒரே ஒரு கணக்கு

304-க்கு எச்எஸ்எஸ் பிட்டின் வெட்டு வேகம் நிமிடத்துக்குச் சுமார் 12 மீட்டர். கோபால்ட் பிட், நல்ல கூலன்ட் (வெட்டும் இடத்தைக் குளிர்விக்கும் திரவம்) இருந்தால் 15 வரை போகலாம். 12 மீட்டரை ஆர்பிஎம் (நிமிடத்துக்கு எத்தனை சுற்று) ஆக்கச் சுருக்கு வழி: 3800-ஐ பிட்டின் மி.மீ. அளவால் வகுங்கள்.

3 மி.மீ. பிட் – சுமார் 1270 ஆர்பிஎம்
5 மி.மீ. – 760
6 மி.மீ. – 635
8 மி.மீ. – 475
10 மி.மீ. – 380
12 மி.மீ. – 320

எம்எஸ்ஸுக்கு இதைப்போல இரண்டு மடங்கு ஓட்டியே கை பழகியிருக்கும். 10 மி.மீ. பிட்டை 380-இல் பார்த்தால் மெஷின் தூங்குவதுபோலத் தோன்றும். அதுதான் சரியான வேகம்.

வேகத்தில் கொஞ்சம் கூடினால் என்ன ஆகிவிடும் என்று கேட்பவர்களுக்கு ஃபிரெடரிக் டெய்லர் பதில் சொல்லிவிட்டுப் போயிருக்கிறார். அமெரிக்காவின் பெத்லகேம் ஸ்டீலில் மான்செல் வைட்டுடன் சேர்ந்து, டங்ஸ்டன் சேர்ந்த ஸ்டீல் டூல்களை உருகுநிலைக்கு அருகே சூடேற்றிப் பதம் கொடுத்து எச்எஸ்எஸ்ஸை உருவாக்கியவர் அவர். 1900-இல் பாரிஸ் கண்காட்சியில் டூலின் முனை சிவந்திருக்க, நீலச் சுருள் பறக்க வெட்டிக் காட்டி உலகையே அசத்தினார்கள். டூலின் ஆயுளுக்கும் வேகத்துக்கும் உள்ள உறவை அவர் ஒரு சமன்பாடாகவும் எழுதினார். எச்எஸ்எஸ்ஸுக்கு அந்தக் கணக்கைப் போட்டுப் பார்த்தால், வேகத்தை 20 சதவீதம் கூட்டும்போது பிட்டின் ஆயுள் ஏறக்குறைய நாலில் ஒரு பங்காகச் சுருங்கும். 380-க்குப் பதில் 456-இல் ஓட்டினால் நாற்பது துளை போட வேண்டிய பிட் பத்திலேயே படுத்துவிடும். பெல்ட்டை ஒரு புல்லி மாற்றும் சோம்பலுக்கு இது பெரிய விலை.

இனி ஃபீட். ஒரு சுற்றுக்கு 3 மி.மீ. பிட் 0.05 மி.மீ., 6 மி.மீ. பிட் 0.10, 10 மி.மீ. பிட் 0.15, 12 மி.மீ. பிட் 0.18 இறங்க வேண்டும். பில்லர் டிரில்லில் கையால் இறக்குபவர் இதை எப்படி அளப்பது? மேலே சொன்ன ஆர்பிஎம்மோடு பெருக்கிப் பாருங்கள். 3 மி.மீ.க்கு நிமிடத்துக்கு 63 மி.மீ., 6 மி.மீ.க்கும் 63, 10 மற்றும் 12-க்கு 57. எல்லா அளவுக்கும் கிட்டத்தட்ட ஒரே விடை: நொடிக்கு ஒரு மில்லிமீட்டர். சுற்று சரியாக இருந்தால் கைப்பிடியை நொடிக்கு 1 மி.மீ. இறக்குங்கள். இதை மனத்தில் வைத்துக்கொண்டால் அட்டவணையே வேண்டாம்.

10 மி.மீ. தகட்டில் 10 மி.மீ. துளை என்று வைத்துக்கொள்வோம். முனையின் கூம்பு 2 மி.மீ. சேர்த்து 12 மி.மீ. இறங்க வேண்டும். 13 நொடியில் பிட் மறுபுறம் வந்துவிட வேண்டும். மூன்று நிமிடம் அமுக்கிக்கொண்டு நின்றால், அதில் பெரும்பகுதி நேரம் பிட் வெறுமனே தேய்ந்திருக்கிறது.

தகட்டைக் கட்டுவதும் குறி போடுவதும்

இவ்வளவு அழுத்தம் கொடுக்கப் போகிறீர்கள் என்றால் தகடு அசையவே கூடாது. வைஸில் பிடியுங்கள் அல்லது இரண்டு க்ளாம்ப் போட்டு டேபிளில் இறுக்குங்கள். கையால் பிடித்துக்கொண்டு போடலாம் என்ற பேச்சுக்கே இடமில்லை. பிட் மறுபுறம் வரும் கணத்தில் சிக்கிக்கொண்டால் தகடு கத்திபோலச் சுழலும்.

கையுறை போடாதீர்கள். சுழலும் பிட்டில் நூல் நுனி சிக்கினாலும் விரலையே இழுத்துக்கொள்ளும். தொங்கும் துண்டு, துப்பட்டா, அடையாள அட்டைக் கயிறு எல்லாவற்றையும் கழற்றிவிட்டு நில்லுங்கள். கண்ணாடி கட்டாயம். எஸ்எஸ் சுருள் பிளேடுபோல அறுக்கும். மெஷினை நிறுத்தியபின் கொக்கியாலோ பிரஷ்ஷாலோ எடுங்கள்.

சென்டர் பஞ்சை ஓங்கி அடிக்கும் பழக்கத்தை எஸ்எஸ்ஸில் விட்டுவிடுங்கள். ஆழமாக அடித்த குழி இறுகிய குழி. பிட் முதலில் தொடும் இடமே கடினமாக இருந்தால் ஆரம்பமே கோணல். கூரான பஞ்சால் ஒரே ஒரு லேசான தட்டு போதும். ஸ்ப்ளிட் பாயின்ட் பிட் அந்தச் சின்னப் புள்ளியையே பிடித்துக்கொள்ளும். துல்லியம் வேண்டுமானால் முதலில் ஸ்பாட் டிரில் (குறிக்குழி மட்டும் போடும் குட்டைப் பிட்) போடலாம். அதன் கோணம் உங்கள் பிட்டின் கோணத்துக்குச் சமமாகவோ சற்றுக் கூடுதலாகவோ இருக்கட்டும். கோணம் குறைந்தால் பிட்டின் ஓர முனைகள் முதலில் மோதி உதிரும்.

எண்ணெய்

பட்டறையில் பம்ப் உள்ள மெஷின் என்றால் நீரில் கலக்கும் கூலன்ட்டை 8 முதல் 10 சதவீதம் வரை கெட்டியாகவே கலக்குங்கள். எம்எஸ்ஸுக்குப் போடும் 5 சதவீதம் இதற்குப் போதாது. கலக்கும்போது தண்ணீரில் எண்ணெயை ஊற்றுங்கள், எண்ணெயில் தண்ணீரை ஊற்றினால் திரிந்துபோகும். ரிஃப்ராக்டோமீட்டர் (கலவை விகிதம் காட்டும் கருவி) இருந்தால் அடிக்கடி பாருங்கள். வெயில் காலத்தில் தண்ணீர் ஆவியாகி விகிதம் மாறிக்கொண்டே இருக்கும்.

பம்ப் இல்லாத பில்லர் டிரில், கை டிரில் என்றால் கந்தகம் சேர்த்த கட்டிங் ஆயில்தான் சிறந்தது. ஒன்றிரண்டு துளைக்குத் தேங்காய் எண்ணெய் விட்டு வேலை செய்யும் வழக்கம் நம் பட்டறைகளில் உண்டு. அது சும்மா இல்லை. அதன் கொழுப்பு அமிலங்கள் உலோகத்தின் மேல் ஒட்டி ஒரு வழுக்குப் படலம் தருகின்றன. நூறு துளைக்கு அதை நம்பி இறங்க வேண்டாம். மண்ணெண்ணெய் அலுமினியத்துக்குச் சரி, எஸ்எஸ்ஸுக்கு அது மிக மெல்லிசு; தீப்பற்றும் ஆபத்து வேறு. துரு நீக்கும் ஸ்பிரேக்களும் கட்டிங் ஆயிலுக்கு மாற்று ஆகாது.

கார்பைடு பிட் ஓட்டினால் கூலன்ட் முதலிலிருந்து கடைசிவரை ஒரே சீராகக் கொட்ட வேண்டும். பாதியில் பிட் சூடானபின் தண்ணீரைத் திறந்தால் விளிம்பு வெடிக்கும். அதற்குக் காய்ந்தபடியே ஓட்டுவது மேல்.

துளை போடும் அந்தப் பதின்மூன்று நொடி

சுற்றைச் சரிபாருங்கள். எண்ணெயை விடுங்கள். பிட்டை மெதுவாகக் கொண்டுவந்து தொடவைத்துத் தயங்குவதுதான் முதல் தவறு. தொட்ட கணமே அழுத்தம் இருக்க வேண்டும். பிட் கடித்துக்கொண்டு உள்ளே இறங்குவதைக் கைப்பிடியில் உணர்வீர்கள்.

இனிக் கண் சுருளில் இருக்கட்டும். இரண்டு பள்ளத்திலிருந்தும் ஒரே தடிமனில் இரண்டு சுருள் ஏறி வந்தால் பிட் சரியாகச் சாணை பிடிக்கப்பட்டிருக்கிறது, ஃபீடும் சரி. ஒரே பக்கம் மட்டும் வந்தால் ஒரு விளிம்புதான் உழைக்கிறது, பிட்டைக் கழற்றிப் பாருங்கள். சுருளுக்குப் பதில் ஊசிபோன்ற தூள் வந்தால் அழுத்தம் போதவில்லை. நிறம் வெள்ளியாகவோ இளம் வைக்கோல் நிறமாகவோ இருக்கலாம். எச்எஸ்எஸ் பிட்டில் நீலச் சுருள் வந்தால் சுற்றை உடனே குறையுங்கள்.

காதும் வேலை செய்யட்டும். நன்றாக வெட்டும்போது தாழ்ந்த, சீரான உறுமல் கேட்கும். அது கீச்சொலியாக மாறும் கணமே கையை எடுத்துவிடுங்கள், முழுவதுமாகப் பிட்டை வெளியே எடுங்கள். சுற்றிக்கொண்டிருக்கும் பிட்டை அடியில் வைத்துக்கொண்டு "என்ன ஆச்சு" என்று யோசிக்கும் இரண்டு நொடியே துளையின் அடியைக் கண்ணாடி ஆக்கிவிடும். இறக்கு, இல்லையேல் எடு. நடுவில் நிற்கக் கூடாது.

மறுபுறம் வெளிவரும்போது பிட் திடீரென்று இழுத்துக்கொள்ளும். அழுத்தத்தைச் சற்றுத் தளர்த்துங்கள், நிறுத்தாதீர்கள். தகட்டுக்கு அடியில் ஒரு எம்எஸ் துண்டைச் சேர்த்து க்ளாம்ப் செய்திருந்தால் இழுப்பும் இருக்காது, பிசிறும் குறையும்.

பைலட் ஹோல் வேண்டுமா?

பெரிய துளைக்கு முன் சிறிய பிட்டால் போடும் வழித்துளைதான் பைலட் ஹோல். இதில் பட்டறைக்குப் பட்டறை கருத்து மாறும். 3, 5, 8, 10 என்று படிப்படியாகப் பெரிதாக்குவது எம்எஸ்ஸில் பழகிய வழி. எஸ்எஸ்ஸில் அதை நான் ஒத்துக்கொள்ள மாட்டேன். ஒவ்வொரு பிட்டும் துளையின் சுவரை இறுக்கிவிட்டுப் போகிறது. அடுத்த பிட் அந்த இறுகிய சுவரில்தான் தொடங்க வேண்டும். அதுவும் விளிம்பின் ஓர முனைகளால் மட்டும், அதன் மிக வேகமாகச் சுழலும் பகுதியால். ஸ்ப்ளிட் பாயின்ட் கோபால்ட் பிட் இருந்தால் 10 மி.மீ. வரை நேராக ஒரே மூச்சில் போடுங்கள். அதற்கு மேல், அல்லது மெஷினுக்கு வலு இல்லை என்றால், ஒரே ஒரு பைலட். அளவு பெரிய பிட்டின் நடுத்தண்டுத் தடிமனை ஒட்டி இருந்தால் போதும். 16 மி.மீ. துளைக்கு 4 மி.மீ. பைலட் போதுமானது.

ஆழமான துளையில், விட்டத்தின் மூன்று மடங்கைத் தாண்டியதும் சுருள் அடைக்கும். அப்போது பிட்டை முழுவதும் வெளியே எடுத்து, சுருளை நீக்கி, எண்ணெய் விட்டு, திரும்ப இறக்கியதும் உடனே கடிக்க வைக்க வேண்டும். எடுப்பது எவ்வளவு குறைவோ அவ்வளவு நல்லது. சிஎன்சி ஓட்டுபவர்கள் ஜி83-இல் (கொத்திக் கொத்தித் துளை போடும் கட்டளை) மிகச் சிறிய பெக் (ஒரு கொத்தின் ஆழம்) கொடுத்து மெஷினைக் கொத்தவிடுவதைப் பார்க்கிறேன். ஒவ்வொரு கொத்தும் ஒரு புதிய தேய்ப்பு. பெக்கை விட்டத்தின் பாதிக்குக் குறையாமல் வையுங்கள், அடியில் டுவெல் (பிட் இறங்காமல் நின்று சுற்றுவது) கொடுக்காதீர்கள்.

கை டிரில், மெல்லிய தகடு, பைப்

வீட்டிலும் சைட்டிலும் கை டிரில்தான். அதன் பெரிய குறை, முழு விசையில் 2500-க்கு மேல் சுற்றும். இரண்டு கியர் உள்ள பேட்டரி டிரில் என்றால் 1-ஆம் கியரில் வைத்துக்கொள்ளுங்கள். ஹேமர் மோட் அணைந்திருக்கிறதா என்று பாருங்கள். உடல் எடை பிட்டின் நேர்கோட்டில் இறங்கும்படி நில்லுங்கள். 6 மி.மீ. வரை இது சாத்தியம், அதற்கு மேல் பில்லர் டிரில்லுக்குக் கொண்டுபோவதே உத்தமம். சிறிய பெஞ்ச் டிரில்களில் மிகக் குறைந்த சுற்றே 500-ஐ ஒட்டி இருக்கும். நம் 3800 கணக்குப்படி அதில் 8 மி.மீ.தான் எல்லை.

1 மி.மீ. தகட்டில் சாதாரண பிட் முக்கோணத் துளை போடும். மரக்கட்டைமேல் வைத்து, மேலேயும் ஒரு எம்எஸ் தகடு வைத்து இறுக்கிப் போடுங்கள், அல்லது ஸ்டெப் டிரில் (படிப்படியாக அகலும் கூம்புப் பிட்) பயன்படுத்துங்கள். பைப்பின் வளைவில் பிட் வழுக்கும் என்பதால் அங்கே மட்டும் ஸ்பாட் டிரில் அவசியம்.

துளை ஏற்கெனவே இறுகிவிட்டதா?

அதே பிட்டால் முட்டிக்கொண்டிருக்காதீர்கள். முடிந்தால் தகட்டைத் திருப்பி மறுபுறத்திலிருந்து வாருங்கள். அங்கே உலோகம் இன்னும் மெத்தென்று இருக்கும். பாதியில் இறுகிய படலத்தை அடியிலிருந்து உடைத்துவிடலாம். திருப்ப முடியாத இடம் என்றால், டை கிரைண்டரில் (வேகமாகச் சுழலும் சிறிய கை மெஷின்) சிறிய கார்பைடு பர் (சுழல் அரம்) மாட்டி அந்தப் பளபளப்பைச் சுரண்டி எடுங்கள். அரை மி.மீ. போனால் போதும். பிறகு புதிதாகச் சாணை பிடித்த கோபால்ட் பிட்டை, சுற்றைப் பாதியாக்கி, முழு அழுத்தத்தோடு இறக்குங்கள்.

சுவரில் துளை போடும் கார்பைடு முனைப் பிட்டை வைரச் சக்கரத்தில் கூராக்கிப் பயன்படுத்துவதும் பழைய உபாயம். பில்லர் டிரில்லில், கட்டாய நேரத்தில், அது காப்பாற்றும்.

டைட்டானியமும் இன்கோனலும்

எஸ்எஸ்ஸில் கை பழகியவருக்கு டைட்டானியம் பாதி தெரிந்த வேலை. சுற்றை இன்னும் குறைக்க வேண்டும்: 3200-ஐ விட்டத்தால் வகுங்கள். பிட் கூர்மை என்றால் கூர்மையாக இருக்க வேண்டும். எஃகின் பாதி விறைப்புதான் டைட்டானியத்துக்கு. பிட் தள்ளும்போது விலகி, பிட் போனதும் திரும்பி வந்து பிட்டைக் கவ்விப் பிடிக்கும். மழுங்கிய பிட்டை அது வெளியே விடாது.

இதில் உண்மையான ஆபத்து தீ. மெல்லிய டைட்டானியச் சுருளும் தூளும் பற்றிக்கொண்டால் தண்ணீர் ஊற்றக் கூடாது. எரியும் டைட்டானியம் தண்ணீரைப் பிளந்து ஹைட்ரஜனை வெளிவிடும். காய்ந்த மணல் ஒரு வாளி பக்கத்தில் வையுங்கள், அல்லது உலோகத் தீக்கான டி வகை அணைப்பான். சுருளை மெஷினில் குவியவிடாமல் அவ்வப்போது எடுத்துவிடுங்கள். குளோரின் சேர்ந்த எண்ணெயைத் தவிர்ப்பது விமானப் பாகங்களில் விதியாகவே இருக்கிறது. மிச்சமிருக்கும் குளோரின் பின்னாளில் சூட்டில் வெடிப்பு உண்டாக்கும்.

இன்கோனல் 718-இல் பாதிக்கு மேல் நிக்கல். அனல் பறக்கும் டர்பைனிலும் வலிமையை விடாத உலோகம், உங்கள் பிட்டின் சூட்டுக்கா மசியும்? கோபால்ட் பிட்டில் 1500-ஐ விட்டத்தால் வகுத்த சுற்று. 10 மி.மீ. துளைக்கு 150 ஆர்பிஎம்தான். வெப்பப் பதம் கொடுப்பதற்கு முன்பே துளைகளைப் போட்டுவிட முடியுமா என்று வரைபடத்தைப் பார்த்துக் கேளுங்கள். பதத்துக்குப் பின் என்றால் கார்பைடுதான் வழி.

ஓஎச்என்எஸ் (எண்ணெயில் பதமேற்றும் வகை) போன்ற டூல் ஸ்டீலைப் பதமேற்றி 60 எச்ஆர்சியை (ராக்வெல் கடின அளவு) ஒட்டிக் கொண்டுவந்தபின் துளை மறந்துபோனது தெரிந்தால், எச்எஸ்எஸ் பிட்டை எடுக்கவே வேண்டாம். இரண்டும் கிட்டத்தட்ட ஒரே கடினம். மின்பொறியால் உலோகத்தை அரித்தெடுக்கும் ஸ்பார்க் மெஷினில் கொடுங்கள். மின்பொறி உலோகத்தின் கடினத்தைப் பார்ப்பதில்லை, மின்சாரம் கடத்தினால் போதும். பித்தளைக் குழாய் எலக்ட்ரோடு வைத்துப் போடும் துளைச் சுவரில் மெல்லிய, நொறுங்கும் படலம் ஒன்று மிஞ்சும். டை பாகத்தில் விசை தாங்கும் துளை என்றால் அதை ஹோனிங் செய்து (சாணைக் கல்லால் உள்சுவரை இழைத்து) எடுத்துவிடுங்கள்.

துளைக்குப் பிறகு: டேப்பும் சுத்தமும்

எஸ்எஸ்ஸில் டேப் (துளைக்குள் மறை வெட்டும் கருவி) உடைந்தது என்று வருபவர்களின் துளையைப் பார்த்தால், பெரும்பாலும் டேப் குற்றவாளி அல்ல. மழுங்கிய பிட் இறுக்கிவைத்த சுவரில் டேப்பை இறக்கியிருப்பார்கள். டேப் போட வேண்டிய துளைகளைப் புதுப் பிட்டின் முதல் வேலையாக வையுங்கள். அளவையும் கொஞ்சம் தாராளமாக விடுங்கள். எம்8 டேப்புக்கு அட்டவணை 6.8 மி.மீ. என்று சொல்லும், அதில் மறையின் ஆழம் சுமார் 74 சதவீதம். 7 மி.மீ. போட்டால் 62 சதவீதம். போல்ட்டின் பிடிமானம் பெரிதாகக் குறையாது, டேப்பின் மேல் விழும் பாரம் நன்றாகக் குறையும். எம்6-க்கு 5-க்குப் பதில் 5.2.

பிசிறை எடுத்தபின் துளையைச் சுற்றி நீலமோ பழுப்போ படிந்திருக்கிறதா பாருங்கள். அந்த நிறம் உள்ள இடத்தில் குரோமியப் பாதுகாப்புப் படலம் கெட்டிருக்கும், துரு அங்கிருந்துதான் தொடங்கும். பிக்ளிங் பேஸ்ட் (அமிலப் பசை) போட்டுச் சுத்தம் செய்யுங்கள். எம்எஸ்ஸில் போட்ட பிட்டையே துடைக்காமல் எஸ்எஸ்ஸில் இறக்கினால் இரும்புத் துகள் துளையில் ஒட்டி, இரண்டு மழைக்குள் துருப்பிடித்து வடியும். வாடிக்கையாளர் அதைப் பார்த்துவிட்டு "இது 304-ஏ இல்லை" என்று சண்டைக்கு வருவார். எஸ்எஸ்ஸுக்கென்று தனி டப்பாவில் பிட்டுகள், தனி பிரஷ், தனி அரம் வைத்துக்கொள்ளுங்கள். பால், மருந்து, உணவு வேலைகளில் சிட்ரிக் அல்லது நைட்ரிக் அமிலத்தால் பேஸிவேஷன் (பாதுகாப்புப் படலத்தை மீட்கும் கழுவல்) செய்து முடித்தபின்தான் பாகத்தை அனுப்ப வேண்டும். அதற்கு முன் கட்டிங் ஆயிலின் கடைசிப் பிசுக்கும் போயிருக்க வேண்டும், எண்ணெய் இருக்கும் இடத்தில் அமிலம் ஏறாது.